தேசிய விளையாட்டு அமைப்புகளின் தலைமையில் பெண்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெங்களூரில் கண்டீரவா அரங்கத்தின் படிக்கட்டுகளிலும், அல்சூர், ஆஸ்டின் டவுன் மைதானங்களின் ஓரத்திலும், மகள்களைப் பயிற்சிக்கு அழைத்து வரும் தமிழ்ப் பெற்றோர் என்னிடம் கேட்கும் சந்தேகங்கள் பல ஆண்டுகளாக ஒன்றாகவே இருக்கின்றன. பெண் பிள்ளை விளையாடுவது சரி, விளையாட்டை நடத்தும் இடத்துக்கு அவள் போக முடியுமா, போனவர்கள் எப்படிப் போனார்கள் என்பதே அவற்றின் சாரம். தடகளப் போட்டிகளில் அலுவலராகப் பணியாற்றுபவள் என்ற முறையில், அந்தக் கேள்விகளைக் கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்து விடை எழுதியிருக்கிறேன்.

நேஷனல் ஃபெடரேஷன்னா கவர்மென்ட் ஆபீஸா? சாய் வேற, இது வேறயா?

இரண்டும் வேறு. ஞானபாரதி பக்கம் இருக்கும் சாய் மையம் இந்திய விளையாட்டு ஆணையத்தைச் சேர்ந்தது. அது மத்திய அரசின் நிறுவனம், அங்கே இருப்பவர்கள் நியமிக்கப்பட்ட அதிகாரிகள். தேசியக் கூட்டமைப்பு, அதாவது நாம் ஃபெடரேஷன் என்று சொல்வது, சங்கமாகப் பதிவு செய்யப்பட்ட தனி அமைப்பு. மாவட்டச் சங்கங்கள் சேர்ந்து மாநிலச் சங்கம், மாநிலச் சங்கங்கள் சேர்ந்து தேசியக் கூட்டமைப்பு என்று அது அமைந்திருக்கிறது. இந்திய அணியைத் தேர்வு செய்வதும், தேசியப் போட்டிகளை நடத்துவதும், அந்த விளையாட்டின் உலக அமைப்பில் இந்தியாவின் சார்பில் பேசுவதும் அதன் வேலை.

ஒலிம்பிக்குக்கும் ஆசிய விளையாட்டுப் போட்டிக்கும் அணியை அனுப்புவது இந்திய ஒலிம்பிக் சங்கம். 1927இல் தோராப்ஜி டாட்டாவை முதல் தலைவராகக் கொண்டு தொடங்கிய அந்தச் சங்கத்தின் அலுவலகம் டெல்லியில் உள்ளது. மாற்றுத்திறனாளிகளின் போட்டிகளுக்கு இந்திய பாராலிம்பிக் கமிட்டி தனியாக இருக்கிறது. இந்த அமைப்புகளில் தலைவர், பொருளாளர், பெரும்பாலானவற்றில் செயலாளர் ஆகியோர் தேர்தல் மூலம் வருகிறார்கள் என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்; கீழே வரும் விடைகளில் பெரும்பாலானவை அங்கிருந்துதான் கிளம்புகின்றன.

பி.டி. உஷாவுக்கு முன்னாடி ஒரு பெண்கூட தலைவரா இருந்ததே இல்லையா?

ஒலிம்பிக் சங்கத்தில் இல்லை. 2022 டிசம்பர் 10 அன்று உஷா தேர்வாகும் வரை, 95 ஆண்டுகளாக அந்தப் பதவியில் ஆண்களே இருந்தார்கள். ஆனால் இந்திய விளையாட்டு நிர்வாகம் முழுவதையும் எடுத்துக்கொண்டால் அப்படிச் சொல்லிவிட முடியாது. டென்னிஸ் ஆடியவரும் சுதந்திர இந்தியாவின் முதல் சுகாதார அமைச்சருமான ராஜ்குமாரி அம்ரித் கௌர் பெயரில் 1953இலேயே தேசியப் பயிற்சித் திட்டம் ஒன்று தொடங்கப்பட்டது. 1973இல் லக்னோவில் பதிவான இந்தியப் பெண்கள் கிரிக்கெட் சங்கத்துக்கு முதல் தலைவர் பேகம் ஹமீதா ஹபீபுல்லா. பெண்கள் ஹாக்கிக்கும் தனிக் கூட்டமைப்பு இருந்தது. அதை நெடுங்காலம் வழிநடத்திய வித்யா ஸ்டோக்ஸ், 2010இல், எண்பதைக் கடந்த வயதில், முன்னாள் கேப்டன் பர்கத் சிங்கைத் தோற்கடித்து ஹாக்கி இந்தியாவின் தலைவரானார்.

இந்தப் பழைய கதையில் நாம் உற்றுக் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. பெண்களுக்கென்று தனிச் சங்கம் இருந்த காலத்தில் தலைவர் நாற்காலியில் பெண் உட்காருவது இயல்பாக இருந்தது. 1976 அக்டோபர் 31 அன்று இதே பெங்களூரில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராக இந்தியப் பெண்கள் தங்கள் முதல் டெஸ்டை ஆடியபோது, அந்தத் தொடரை நடத்தியது அவர்களுடைய சொந்தச் சங்கம். 1978இல் உலகக் கோப்பையை இந்தியாவில் நடத்தியதும் அதுதான். 2006இல் அந்தச் சங்கம் கிரிக்கெட் வாரியத்தோடு இணைந்தது. பணமும் மைதானமும் வந்தன; 2015இல் ஆண்டு ஒப்பந்தமும், 2022இல் ஆண்களுக்கு இணையான ஆட்டக் கட்டணமும், 2025 நவம்பரில் நவி மும்பையில் உலகக் கோப்பையும் வந்தன. ஆனால் வாரியத்தின் தலைவர் பதவியும் செயலாளர் பதவியும் இன்றுவரை ஒரு பெண்ணிடம் வந்ததில்லை. இணைப்பு வேண்டியதுதான் என்றே நான் நினைக்கிறேன். ஆனால் இணையும்போது நிர்வாகத்தில் எத்தனை இடம் பெண்களுக்கு என்று எழுதி வாங்காமல் விட்டது பெரிய இழப்பு.

ஓடிக்கிட்டிருந்த உஷா எப்படி அந்தப் பதவிக்கு வந்தாங்க?

ஓட்டத்தை எல்லோரும் அறிவார்கள். கண்ணூர் விளையாட்டுப் பள்ளியில் ஓ.எம். நம்பியாரிடம் பயிற்சி, 1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் தடை தாண்டும் ஓட்டத்தில் 55.42 வினாடி, நூறில் ஒரு பங்கு வினாடியில் கைநழுவிய வெண்கலம், 1986 சியோல் ஆசியப் போட்டியில் நான்கு தங்கம் ஒரு வெள்ளி. ஓடுவதை நிறுத்தியபின் கோழிக்கோடு மாவட்டத்தில் உஷா தடகளப் பள்ளியை நிறுவிப் பெண் பிள்ளைகளுக்குப் பயிற்சி அளித்தார். 2022 ஜூலையில் மாநிலங்களவைக்கு நியமன உறுப்பினரானார்.

தலைவர் பதவிக்கு அவர் வந்த சூழல் சாதாரணமானதல்ல. ஒலிம்பிக் சங்கத்தின் தேர்தல் வழக்குகளில் சிக்கித் தள்ளிப்போய்க்கொண்டிருந்தது. டிசம்பருக்குள் தேர்தல் நடக்காவிட்டால் இடைநீக்கம் என்று சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி எச்சரித்தது. 2012 டிசம்பர் முதல் 2014 பிப்ரவரி வரை இந்தியா அப்படி இடைநீக்கத்தில் இருந்த அனுபவம் எல்லோருக்கும் நினைவில் இருந்தது. உச்ச நீதிமன்றம் ஓய்வுபெற்ற நீதிபதி எல். நாகேஸ்வர ராவை நியமித்துச் சங்க விதிகளைத் திருத்தச் செய்து, தேர்தலையும் அவர் மேற்பார்வையில் நடத்தியது. மனுத்தாக்கல் முடிந்தபோது தலைவர் பதவிக்கு உஷாவின் மனு ஒன்றுதான் இருந்தது; போட்டியின்றித் தேர்வானார். 1934இல் ஒரு டெஸ்ட் ஆடிய மகாராஜா யாதவிந்திர சிங்குக்குப் பிறகு, உயர்மட்டத்தில் விளையாடிய ஒருவர் அந்தப் பதவிக்கு வந்தது அப்போதுதான்.

அப்போ மெடல் வாங்கினவங்கதான் தலைவராக முடியுமா?

இல்லை. பெண்கள் இதுவரை மூன்று வழிகளில் வந்திருக்கிறார்கள். விளையாடிப் புகழ்பெற்று வந்தவர்கள் ஒருவகை: உஷா, தீபா மாலிக், 2020இல் தடகளக் கூட்டமைப்பின் மூத்த துணைத் தலைவராகத் தேர்வான அஞ்சு பாபி ஜார்ஜ். அரசியல் அல்லது நிர்வாகக் குடும்பத்திலிருந்து வந்தவர்கள் இன்னொரு வகை: 2022 டிசம்பரில் டேபிள் டென்னிஸ் கூட்டமைப்பின் தலைவரான மேக்னா அஹ்லாவத், 2019 செப்டம்பரில் தமிழ்நாடு கிரிக்கெட் சங்கத்தின் தலைவராகி, வாரியத்தின் கீழ் உள்ள மாநிலச் சங்கங்களிலேயே முதல் பெண் தலைவரான ரூபா குருநாத். மூன்றாவது வழி, மாவட்டச் சங்கத்தில் தொடங்கிப் பல ஆண்டுகள் காகித வேலை பார்த்து மேலே வருவது. இந்த மூன்றாவது வகையினரின் பெயர்கள் நாளிதழ்களில் வருவதில்லை. எங்கள் வீட்டுப் பெண்ணுக்கு எது நடக்கும் என்று கேட்டால் நான் காட்டுவது இந்த வழியைத்தான்.

குடும்பப் பின்னணியோடு வந்தவர் என்பதற்காக ஒருவரை ஒதுக்குவது எனக்கு உடன்பாடில்லை. ஆண் தலைவர்களில் எத்தனையோ பேர் அப்படித்தான் வந்தார்கள். அவர்களிடம் யாரும் அந்தக் கேள்வியைக் கேட்டதில்லை. தேசிய முகாம் நேரத்துக்கு நடந்ததா, தேர்வு விதிகள் முன்கூட்டியே வெளியானதா, கணக்கு தணிக்கையானதா என்று பார்த்து மதிப்பிட வேண்டும்.

விளையாடிக்கிட்டே பதவியில இருக்கலாமா?

கூடாது. தீபா மாலிக்கின் வாழ்க்கை இதற்கு நேரடி விடை. 2016 ரியோவில் குண்டு எறிதலில் 4.61 மீட்டர் எறிந்து வெள்ளி வென்று, பாராலிம்பிக் பதக்கம் பெற்ற முதல் இந்தியப் பெண்ணானவர் அவர். 2020இல் பாராலிம்பிக் கமிட்டியின் தலைவரானபோது, களத்தில் இருக்கும் வீரர் நிர்வாகப் பதவி வகிக்கக் கூடாது என்ற விதிக்கு இணங்க ஓய்வை அறிவித்தார். அணியைத் தேர்வு செய்யும் அமைப்பின் தலைவரே தேர்வுக்குப் போட்டியிடுவது முறையாகாது என்பதுதான் விதியின் நோக்கம்.

அவருடைய பதவிக்காலத்தில் நடந்த டோக்கியோ பாராலிம்பிக்கில் இந்தியா 19 பதக்கங்கள் வென்றது. அதற்கு முன் எல்லாப் பாராலிம்பிக்குகளிலும் சேர்த்தே 12தான் கிடைத்திருந்தன. 2023 ஹாங்சோ ஆசியப் பாரா விளையாட்டில் 111 வந்தன. பெங்களூரில் சத்யநாராயணாவிடம் பயிற்சி பெற்ற சேலம் மாரியப்பன் தங்கவேலு டோக்கியோவில் உயரம் தாண்டுதலில் வெள்ளி வென்றதும் இந்தக் காலத்தில்தான். பதக்கங்களுக்குத் தலைவர் மட்டும் காரணம் என்று சொல்ல மாட்டேன். பயிற்சியாளர்களும் அரசின் நிதியும் பெரும்பங்கு. ஆனால் சக்கர நாற்காலியில் வந்து போட்டியிட்ட ஒருவர் தலைமையில் இருந்தபோது, விமானப் பயணம் முதல் தங்கும் அறையின் கதவு அகலம் வரை எதைக் கேட்க வேண்டும் என்பது அவருக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 2024 மார்ச்சில் அவருக்குப் பின் ஈட்டி எறிதல் வீரர் தேவேந்திர ஜஜாரியா தலைவரானார்.

தேர்தல்ல யார் ஓட்டு போடறாங்க? விளையாடற பிள்ளைங்களுக்கு ஓட்டு உண்டா?

பெரும்பாலான கூட்டமைப்புகளில் வாக்கு மாநிலச் சங்கங்களின் கையில் இருக்கிறது. ஒவ்வொரு மாநிலச் சங்கமும் தன் பிரதிநிதிகளின் பெயர்களை அனுப்பும்; அந்தப் பெயர்கள் சேர்ந்ததுதான் வாக்காளர் பட்டியல். வேட்புமனுவில் முன்மொழிபவரும் வழிமொழிபவரும் அந்தப் பட்டியலில் இருப்பவர்களாக இருக்க வேண்டும். நாடு முழுவதும் ஆயிரக்கணக்கான வீராங்கனைகள் ஆடினாலும், தலைவர் யார் என்று முடிவு செய்வது ஒரு கூடத்தில் உட்காரும் சில பத்துப் பேர்.

2023 டிசம்பர் 21 அன்று டெல்லியில் நடந்த மல்யுத்தக் கூட்டமைப்புத் தேர்தலைப் பாருங்கள். 2010 காமன்வெல்த் போட்டியில் தங்கம் வென்ற அனிதா ஷியோரன் தலைவர் பதவிக்குப் போட்டியிட்டார். அந்த ஆண்டு நாடே பார்த்த மல்யுத்த வீராங்கனைகளின் போராட்டம் அவருக்குப் பின்னால் இருந்தது. ஒவ்வொரு மாநிலச் சங்கத்துக்கும் இரண்டு வாக்குகள். எண்ணி முடித்தபோது சஞ்சய் சிங்குக்கு 40, அனிதாவுக்கு 7. மக்கள் ஆதரவு எவ்வளவு இருந்தாலும், மாநிலச் சங்கங்களில் ஆள் இல்லாதவர் இந்தத் தேர்தலில் வெல்ல முடியாது. அதனால்தான் மாவட்டச் சங்கத்திலிருந்து தொடங்குங்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறேன்.

பெண்களுக்கு இட ஒதுக்கீடு ஏதாவது இருக்கா?

இப்போது இருக்கிறது, முன்பைவிடத் தெளிவாகவே இருக்கிறது. 2022இல் திருத்தப்பட்ட ஒலிம்பிக் சங்க விதிகளில் துணைத் தலைவர், இணைச் செயலாளர் ஆகிய பதவிகளில் ஆணுக்கு ஒன்று, பெண்ணுக்கு ஒன்று என்று பிரித்தார்கள். படகு வலித்தல் கூட்டமைப்பை நடத்திய ராஜ்லக்ஷ்மி சிங் தேவ் துணைத் தலைவரானதும், பேட்மின்டன் நிர்வாகத்திலிருந்து அலகநந்தா அசோக் இணைச் செயலாளரானதும் அப்படித்தான். அதற்கு முந்தைய மாதம் தேர்வான வீரர்கள் ஆணையத்தில் பத்துப் பேரில் ஐந்து பேர் பெண்கள்; மேரி கோம் தலைவர், டேபிள் டென்னிஸ் வீரர் நம் சரத் கமல் துணைத் தலைவர், வாள்வீச்சு வீராங்கனை பவானி தேவி உறுப்பினர்.

2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தேசிய விளையாட்டு நிர்வாகச் சட்டம் இதை எல்லாக் கூட்டமைப்புகளுக்கும் கொண்டு போகிறது. செயற்குழுவில் 15 பேருக்கு மேல் இருக்கக் கூடாது. அதில் குறைந்தது 4 பேர் பெண்களாக இருக்க வேண்டும். சிறந்த விளையாட்டு வீரர்களும் இடம்பெற வேண்டும். ஆனால் தலைவர், செயலாளர், பொருளாளர் என்ற மூன்று இடங்களில் பெண் இருந்தே ஆக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. செயற்குழுவில் நான்கு பெண்கள் உட்கார்ந்து, காசோலையில் கையெழுத்திடும் மூவரும் ஆண்களாகவே இருக்கும் நிலை இனியும் வரலாம். கிடைக்கும் நான்கு இடங்களைப் பயிற்சிக் களமாகக் கொண்டு, அடுத்த தேர்தலில் அந்த மூன்று இடங்களுக்கு மனுப்போட வேண்டும் என்பது என் கருத்து.

தலைவர் பெரிசா, செயலாளர் பெரிசா?

அன்றாட அதிகாரம் பெரும்பாலும் செயலாளரிடம் இருக்கும். பொதுக்குழுவைக் கூட்டுவது, நடவடிக்கைக் குறிப்பு எழுதுவது, உலக அமைப்போடும் அமைச்சகத்தோடும் கடிதம் பரிமாறுவது எல்லாம் அவர் வேலை. தலைவர் நல்லவராக இருந்தும் ஒன்றும் நகராத சங்கங்கள் உண்டு. காரணம் கோப்பு வேறு மேசையில் இருக்கும். ஆகவே ஒரு பெண் தலைவரானார் என்ற செய்தி வந்தால், செயலாளர் யார் என்றும் சேர்த்துக் கேட்டுப் பழகுங்கள்.

ஒலிம்பிக் சங்கம் தன் புதிய விதிகளில் பொதுச் செயலாளர் பதவியை நீக்கி, சம்பளம் பெறும் தலைமை நிர்வாக அதிகாரியை வைத்தது. 2024 ஜனவரியில் ரகுராம் ஐயர் நியமனத்தை உஷா அறிவித்தபோது, செயற்குழுவில் பெரும்பான்மையோர் ஊதியத்தையும் நியமன முறையையும் எதிர்த்தார்கள். அந்தப் பிணக்கு ஓராண்டுக்கு மேல் நீடித்தது. போட்டியின்றித் தேர்வான ஒருவருக்குச் செயற்குழுவில் தனக்கென்று ஆதரவாளர்கள் இருப்பார்கள் என்ற உறுதி கிடையாது என்பதை இதிலிருந்து அறியலாம்.

இதுல சம்பளம் வருமா?

தேர்ந்தெடுக்கப்படும் பதவிகள் கௌரவப் பதவிகள்; மாதச் சம்பளம் கிடையாது. கூட்டங்களுக்குப் போய்வரும் செலவும் படியும் கிடைக்கலாம். ஆகவே வேறு வேலையோ வருமானமோ இல்லாமல் இதில் நிலைப்பது கடினம். ரயில்வே, வங்கி, காவல்துறை போன்ற இடங்களில் விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலையில் இருக்கும் பெண்களுக்கு இது கொஞ்சம் எளிது, ஆனால் அலுவலகத்தின் முன் அனுமதியை எழுத்தில் பெற்றுக்கொள்ள வேண்டும்.

எத்தனை வயசு வரைக்கும் இருக்கலாம்?

2011ஆம் ஆண்டின் தேசிய விளையாட்டு நெறிமுறையில் 70 வயது வரம்பு இருந்தது; அரசு அதற்கு முன்பே வைத்திருந்த வரம்புதான் அது. வித்யா ஸ்டோக்ஸ் தேர்வானபோது அமைச்சகம் எதிர்த்ததும் இதே வயது வரம்பைச் சொல்லித்தான். புதிய சட்டத்தில், அந்த விளையாட்டின் உலக அமைப்பு அனுமதித்தால் 75 வரை போட்டியிடலாம். தொடர்ந்து மூன்று பதவிக்காலம் இருந்தவர் இடைவெளி விட வேண்டும்.

கோர்ட்டே ஒரு பெண்ணை நியமிச்சா, அது தலைமைதானே?

தலைமைதான், ஆனால் வேறு வகை. 2017 ஜனவரி 30 அன்று உச்ச நீதிமன்றம் கிரிக்கெட் வாரியத்தை நடத்த நான்கு பேர் கொண்ட நிர்வாகிகள் குழுவை நியமித்தது. அதில் ஒரே பெண், மும்பையைச் சேர்ந்த முன்னாள் கேப்டன் டயானா எடுல்ஜி. இருவர் விலகியபின் நீண்ட காலம் குழுவின் தலைவர் வினோத் ராயும் அவரும் மட்டுமே இருந்தார்கள். 2018இல் பெண்கள் அணியின் பயிற்சியாளரை மாற்றிய முறையை எடுல்ஜி வெளிப்படையாக எதிர்த்தார். ஒருவருக்கு ஒருவர் என்று நின்ற நிலையிலும் தேர்வு நடந்து டபிள்யூ.வி. ராமன் பயிற்சியாளரானார். 2019 அக்டோபரில் புதிய நிர்வாகம் வந்ததும் குழு கலைந்தது. டேபிள் டென்னிஸில், வீராங்கனை மணிகா பத்ராவின் வழக்கையொட்டி 2022இல் டெல்லி உயர் நீதிமன்றம் கூட்டமைப்பை நிறுத்திவைத்து, ஓய்வுபெற்ற தலைமை நீதிபதி கீதா மிட்டல் தலைமையில் குழு அமைத்தது. அந்த ஆண்டு இறுதியில் தேர்தல் நடந்து மேக்னா அஹ்லாவத் வந்தார்.

இப்படி நியமிக்கப்பட்டவர்களுக்கு மாநிலச் சங்கங்களின் தயவு தேவையில்லை. அதனால் துணிந்து முடிவெடுக்கலாம். அதே காரணத்தால் அவர்கள் போனபின் அந்த முடிவுகளைக் காக்க உள்ளே ஆள் இருப்பதில்லை. வெளியிலிருந்து வேறு யாரும் கூட்டமைப்பை நடத்துவதை உலக அமைப்புகளும் விரும்புவதில்லை. 2022 ஆகஸ்ட்டில் ஃபிஃபா இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பைச் சில நாட்கள் இடைநீக்கம் செய்தது அந்தக் காரணத்துக்காகத்தான்.

பெண் தலைவரா இருந்தா நம்ம பிள்ளைங்களுக்குப் பாதுகாப்பு தானா வந்துடுமா?

இதற்கு ஆம் என்று சொல்ல விரும்புகிறேன், ஆனால் நடந்ததைப் பார்த்தபின் சொல்ல முடியவில்லை. 2023இல் டெல்லி ஜந்தர் மந்தரில் மல்யுத்த வீராங்கனைகள் பாலியல் துன்புறுத்தல் புகாரோடு உட்கார்ந்தபோது, ஒலிம்பிக் சங்கத்தின் தலைவரும் பெண், வீரர்கள் ஆணையத்தின் தலைவரும் பெண். அரசு அமைத்த மேற்பார்வைக் குழுவுக்கும் மேரி கோம்தான் தலைவர். வீதியில் போராடுவதை ஒழுங்கீனம் என்னும் பொருள்பட உஷா ஏப்ரலில் பேசியது பல பெண்களுக்கு வலித்தது, எனக்கும் வலித்தது. சில நாட்களில், மே 3 அன்று, அவர் போராட்ட இடத்துக்கே போய் அவர்களைச் சந்தித்தார்.

அந்த மேற்பார்வைக் குழு கண்ட குறைகளில் ஒன்று, கூட்டமைப்பில் சட்டப்படி அமைந்த உள்ளகப் புகார்க் குழுவே இல்லை என்பது. 2013ஆம் ஆண்டின் பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டம் விளையாட்டு அரங்கங்களையும் பயிற்சி நிலையங்களையும் பணியிடமாகவே கணக்கில் கொள்கிறது. புகார்க் குழுவின் தலைவர் பெண்ணாக இருக்க வேண்டும், உறுப்பினர்களில் பாதிப்பேராவது பெண்களாக இருக்க வேண்டும், வெளியாள் ஒருவர் இருக்க வேண்டும். உங்கள் மகள் சேரும் பயிற்சி மையத்தில் அந்தக் குழுவின் பெயர்ப் பட்டியல் சுவரில் ஒட்டப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள், இல்லையென்றால் கேளுங்கள். பத்துப் பேருக்குக் குறைவாகப் பணிபுரியும் இடமானால் மாவட்ட அளவிலான குழுவிடம் புகார் கொடுக்கலாம்.

நாம கர்நாடகாவுல இருக்கிற தமிழர். நமக்கு இடம் கொடுப்பாங்களா?

கொடுத்திருக்கிறார்கள். மதராஸில் பிறந்து கர்நாடகாவுக்காக ஆடிய சாந்தா ரங்கசாமிதான், இரண்டாவது விடையில் சொன்ன அந்த 1976 தொடரில் இந்திய அணியின் கேப்டன். 2019இல் அவர் முன்னாள் வீரர்களின் பிரதிநிதியாக வாரியத்தின் உயர் மன்றத்தில் இடம்பெற்றார். கேரளத்தில் பிறந்த அஞ்சு பாபி ஜார்ஜ் பெங்களூரில் தங்கி, ஜான்சியிலிருந்து வந்த ஷைலி சிங்கை வளர்த்து, 2021 நைரோபி இளையோர் உலகப் போட்டியில் 6.59 மீட்டர் தாண்டி வெள்ளி வாங்க வைத்தார். அதே ஆண்டு உலகத் தடகள அமைப்பு அஞ்சுவை ஆண்டின் சிறந்த பெண்ணாகத் தேர்ந்தெடுத்தது.

ஒன்று மட்டும் தேவை: கன்னடம். பேசினால் போதாது, படிக்கவும் எழுதவும் வர வேண்டும். மாவட்டச் சங்கத்தின் அறிவிப்பும் நடவடிக்கைக் குறிப்பும் கன்னடத்தில் வந்தால், அதைப் படிக்க முடியாதவர் கூட்டத்தில் வாய் திறக்க முடியாது. நம் வீட்டுப் பெண்களில் பலர் ஆங்கிலத்தை நம்பி இதைத் தள்ளிப்போடுகிறார்கள்.

என் பொண்ணுக்குப் பதினேழு வயசு, ஸ்டேட் மீட்டுக்கு மேல போகலை. அவளுக்கு இந்த வழி உண்டா மேடம்?

உண்டு, இப்போதே தொடங்கலாம். கண்டீரவாவில் ஒரு மாநிலப் போட்டி நடக்கும் காலையில் போய்ப் பாருங்கள். நெஞ்சு எண் தாளை ஊக்கு குத்திக் கொடுப்பவர், அழைப்பறையில் பெயர் சரிபார்ப்பவர், நீளம் தாண்டும் குழியில் அளவு நாடாவின் மணல் பக்கத்து முனையைப் பிடிப்பவர், முடிவுத் தாளில் கிறுக்கல் இல்லாமல் எழுதுபவர் என்று பல இடங்களில் பெண்கள் இருப்பார்கள். மாலையில் மேடையில் பொன்னாடை வாங்குபவர்களில் அவர்கள் இருக்க மாட்டார்கள். அந்த நாடாவைப் பிடித்தவருக்கு விதிப் புத்தகம் மனப்பாடம். அவர் மேடைக்குப் போகாமல் இருப்பதற்குத் தகுதிக் குறைவு காரணமல்ல, சங்கத்தில் உறுப்பினராகச் சேராமலே ஆண்டுக் கணக்கில் உதவி மட்டும் செய்துகொண்டிருப்பதே பெரும்பாலும் காரணம்.

ஆகவே பதினெட்டு வயதானதும் மாவட்டச் சங்கத்திலோ, அதோடு இணைந்த கிளப்பிலோ உறுப்பினராகப் பெயர் பதியுங்கள். சந்தா கட்டியதற்கு ரசீது வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். தொழில்நுட்ப அலுவலர் தேர்வு எப்போது என்று மாநிலச் சங்கத்தில் கேட்டு அவளை எழுத வையுங்கள். சங்கத்தின் விதி நகல் ஒன்றைக் கேட்டு வாங்கி, யாருக்கு வாக்கு, பொதுக்குழுவுக்கு எத்தனை நாள் முன்னால் அறிவிப்பு வர வேண்டும் என்ற இரண்டு பகுதிகளையும் அவளையே படிக்கச் சொல்லுங்கள். தரமாட்டோம் என்று சொன்னால், பதிவு பெற்ற சங்கம் என்பதால் சங்கப் பதிவாளர் அலுவலகத்தில் விண்ணப்பித்துப் பார்க்கலாம். முதல் இரண்டு பொதுக்குழுவில் அவள் கணக்கு வாசிப்பதைக் கேட்டுக் குறிப்பெடுத்தால் போதும். மூன்றாவதில் ஒரு கேள்வி கேட்கட்டும், அது நடவடிக்கைக் குறிப்பில் அவள் பெயரோடு பதிவாகிறதா என்று அடுத்த கூட்டத்தில் சரிபார்க்கட்டும்.